சூப்புக்குள் கரைந்த கொழுக்கட்டை: கடலுணவு டம்ப்ளிங் சூப்பில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

"இது என்ன பிள்ளை, சொதிக்குள்ள கொழுக்கட்டை கரைஞ்சு கிடக்கு?"

முதன்முதல் டம்ப்ளிங் (உள்ளே இறால் வைத்து மடித்த கோதுமை மா உருண்டை) போட்டுக் கடலுணவு சூப் வைத்த அன்று மாமி கேட்டது இது. சட்டியை எட்டிப் பார்த்தேன். மா ஒரு பக்கம், இறால் ஒரு பக்கம், நடுவில் கஞ்சி மாதிரி ஒரு வெள்ளை. அன்றைக்கு இறாலுக்குக் கொடுத்த காசு இன்றைக்கும் நெஞ்சை உறுத்துகிறது.

திருகோணமலையில் இருந்துகொண்டு இந்தச் சூப் பிழைத்துப்போனால் பழியைக் கடல்மேல் போட முடியாது. கொட்டியாரக் குடா பக்கத்திலேயே கிடக்கிறது. இறாலுக்கும் நண்டுக்கும் கணவாய்க்கும் குறைவில்லை. பிழை எங்கள் கையில். மீன்குழம்புக்கும் சொதிக்கும் கொழுக்கட்டைக்கும் பழகின கை, சீனத்து வொன்டன் டம்ப்ளிங்கையும் தாய்லாந்து டொம் யம் சூப்பையும் அதே போக்கில் செய்யப் பார்க்கிறது.

மாவிலிருந்தே தொடங்குவோம். எங்கள் வீட்டு டின்னுக்குள் இருப்பது பெரும்பாலும் அவித்த கோதுமை மா. பிட்டுக்கும் இடியப்பத்துக்கும் அதுதான் வேண்டும். ஆவியில் வெந்தவுடன் மாவிலுள்ள குளூட்டன் என்ற புரதம் தன் இழுவையை இழந்துவிடும். பிட்டு உதிரி உதிரியாக வருவதற்கு அது உதவி. டம்ப்ளிங்குக்கு வேண்டியதோ இழுத்தால் இழுபடுகிற மா. அன்றைக்கு நான் கைவிட்டு அள்ளியது அந்த அவித்த மா டின்னுக்குள். கரையாமல் என்ன செய்யும்? அவிக்காத பச்சை மாவை எடுங்கள்.

அரிசி மாவுக்குக் கொதிநீர் ஊற்றிக் குழைக்கிற பழக்கத்தையும் இங்கே மறக்க வேண்டும். கொதிநீரில் குழைத்த கோதுமை மா மெதுவாக இருக்கும். ஆவியில் அவிக்கவோ தாச்சியில் வாட்டவோ அது நல்லது. தண்ணீருக்குள் கொதிக்கப்போகிற டம்ப்ளிங்குக்குப் பச்சைத் தண்ணீர்தான். 200 கிராம் மாவுக்கு ஏறத்தாழ 100 மில்லிலீற்றர், ஒரு சிட்டிகை உப்பு. குழைக்கும்போது வறண்டு சொரசொரப்பாகத்தான் தெரியும். அதைக் கண்டு பயந்து இன்னும் தண்ணீர் விடாதீர்கள். ஈரத்துணியால் மூடி அரை மணித்தியாலம் விட்டுவிட்டு வந்து தொட்டுப் பாருங்கள், காதுச்சோணை மாதிரி இருக்கும்.

வட்டமாக உருட்டும்போது நடு கொஞ்சம் தடிப்பாகவும் ஓரம் மெல்லிசாகவும் வர வேண்டும். மடிக்கையில் ஓரம் இரண்டு மடங்காகிவிடும். எல்லா இடமும் ஒரே தடிப்பென்றால் நடு வெந்து குழைகிற நேரத்தில் ஓரம் வேகாமல் கிடக்கும். எண்ணெயோ இறால் ஈரமோ ஓரத்தில் பட்டால் ஒட்டாது. உள்ளே காற்றை அடைக்காமல் அழுத்தி மூடுங்கள். மோதகம் பிடித்த விரல்களுக்கு இந்த மடிப்பு பெரிய வேலையில்லை. பழைய பழக்கம் கைகொடுப்பது இந்த ஓர் இடத்தில்தான்.

உள்ளே வைக்கும் இறாலை மிக்சியில் போட்டுக் களியாக்குவது ஒரு பாவம். பாதியைக் கத்தியால் பொடியாகக் கொத்துங்கள், மீதியைத் துண்டாக விடுங்கள். உப்புப் போட்டு ஒரே பக்கமாகக் கிளறினால் இறாலின் புரதம் வெளிப்பட்டுப் பசையாகும். முட்டையோ சோளமாவோ இல்லாமலே பிடித்துக்கொள்ளும். வாடைக் காலத்தில் கடல் கொந்தளித்துத் தோணிகள் கரையில் கிடக்கும்போது ஐஸ் இறால்தான் கதி. அதை முதல் நாள் இரவே பிரிஜ்ஜின் கீழ்த்தட்டில் இளகவிட்டு, துணியால் நன்றாக ஒற்றி எடுங்கள். கோவா சேர்ப்பதென்றால் உப்புப் பிசறிப் பிழிந்துவிட வேண்டும். இல்லாவிட்டால் உள்ளே விடுகிற தண்ணீரே மாவைக் கிழித்துவிடும்.

இனிச் சாறு. இறால் தலையையும் கோதையும் பூனைக்குப் போட்டுவிட்டு, கடையில் வாங்கிய சூப் கட்டியைக் கரைப்பவர்களைக் கண்டால் எனக்குக் கோபம்தான் வரும். முழுச் சுவையும் அந்தத் தலையில் இருக்கிறது. கொஞ்ச எண்ணெயில் தலையும் கோதும் சிவந்து மணம் எழும்பும்வரை வதக்கி, இஞ்சி, உள்ளி, வெங்காயத்தாளின் வெள்ளைப் பக்கம், தண்ணீர் சேர்த்து 20 நிமிடம் மெல்லக் கொதிக்க விடுங்கள். மீன்தலை போடுவதென்றால் விளைமீன், பாரை நல்லது. செவுளை எடுத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் கசக்கும். சூரை, சூடை போன்ற எண்ணெய் மீன் வேண்டாம். ஆட்டெலும்பு சூப் மாதிரி மணிக்கணக்காகக் காய்ச்சினால் மீன் சாறு கெட்டுவிடும். அரை மணித்தியாலம் தாராளம். துள்ளிக் கொதிக்கவும் விடாதீர்கள், கலங்கிப்போகும்.

இந்த நேரத்தில் கை தானாக மஞ்சளுக்கும் கறிவேப்பிலைக்கும் போகும். பிடித்து நிறுத்துங்கள். போட்டால் மாமி சொன்னது போல அது சொதிதான். சொதி குறைந்ததென்று சொல்லவில்லை, இன்றைக்கு வைப்பது அது இல்லை, அவ்வளவுதான். தேங்காய்ப்பால் ஊற்றுகிற லக்சா என்ற நூடில்ஸ் சூப் ஒன்று மலேசியா, சிங்கப்பூர்ப் பக்கம் உண்டு. அதற்கு அரைத்த கூட்டு வேறு.

கணவாய்க்கு இரண்டே வழி: ஒன்றரை, இரண்டு நிமிடம், அல்லது முக்கால் மணித்தியாலம். இடைப்பட்ட நேரமெல்லாம் றப்பர். சூப்புக்கு முதல் வழி. முழு இறால் வளைந்து நிறம் மாறியதும் போதும். இறுகிச் சுருண்டால் தாண்டிவிட்டது. ஆகவே எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டாமல் மீன்துண்டு, இறால், கணவாய் என்ற வரிசையில் போடுங்கள். மட்டி சேர்ப்பவர்கள் அதை ஒரு லீற்றருக்கு 30 கிராம் உப்புக் கலந்த தண்ணீரில் ஓரிரு மணித்தியாலம் விட்டு மண் கக்கவைத்து, தனியாக அவித்துச் சேர்ப்பது நல்லது. சமைக்கமுன் வாய் திறந்திருப்பது தட்டியும் மூடவில்லையா, எறியுங்கள். அவித்த பிறகும் திறக்காததும் அப்படியே.

டம்ப்ளிங்கைச் சூப்புக்குள் நேராகப் போட்டு வேகவைக்காதீர்கள். மேலே ஒட்டியிருக்கும் மா கரைந்து, பார்த்துப் பார்த்துத் தெளியவைத்த சாறு கஞ்சியாகும். வேறு சட்டியில் நிறையத் தண்ணீர் கொதிக்கவைத்துப் போடுங்கள். பொங்கும்போது ஒரு கோப்பைப் பச்சைத் தண்ணீர் ஊற்றி அடக்குவது சீன வீடுகளில் உள்ள முறை. மேல்மா கிழியாமல் உள்ளே வேகும். மிதந்த பிறகும் இரண்டு நிமிடம் விட்டு, அரித்தெடுத்துக் கிண்ணத்தில் வைத்து, மேலே சூப்பை ஊற்றுங்கள்.

உப்பை முதலிலேயே போட்டால் பிறகு தப்ப வழியில்லை. சோயா சோஸிலும் மீன் சோஸிலும் உப்பு நிறைய உண்டு. மீன் சோஸ் என்பது நெத்தலியை உப்பில் ஊறவைத்து வடித்த சாறுதான். அது கிடைக்காவிட்டால் நெத்தலிக் கருவாடு நாலைந்தைக் கழுவிச் சாறு காய்ச்சும்போது போடுங்கள், பெரிய வித்தியாசம் தெரியாது. தேசிக்காய்ப் புளி அடுப்பை விட்டு இறக்கிய பிறகு.

மிஞ்சிய டம்ப்ளிங்கை வேகவைக்காமல், மா தூவிய தட்டில் ஒன்றோடொன்று முட்டாமல் அடுக்கி உறையவிடுங்கள். கல்லுப்போல் ஆனதும் பைக்குள் கொட்டி வைக்கலாம். வேண்டும்போது உறைந்தபடியே கொதிநீரில் போட வேண்டும். இளகவிட்டால் நசநசத்து எல்லாம் ஒரே உருண்டையாகிவிடும்.