கோர்ட்டு சொல்லியும் போலீஸ் விசாரிக்கலயா? கண்டெம்ப்ட் (கோர்ட் அவமதிப்பு மனு) போடறதுக்கு முன்னாடி இத பாத்துக்கங்க

எங்க அத்தை வீட்ல நகை திருடு போயி எஃப்ஐஆர் போட்டதோட சரி, ஒன்றரை வருஷமா ஃபைல் அசையவே இல்ல. ஹைகோர்ட் மதுரை கிளையில டைரக்‌ஷன் மனு, அதாவது போலீஸுக்கு உத்தரவு போடச் சொல்லி மனு போட்டோம் (குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல, இப்ப பிஎன்எஸ்எஸ் 528வது பிரிவு, முன்னாடி சிஆர்பிசி 482), ஆர்டர் காப்பி கிடைச்ச நாள்ல இருந்து மூணு மாசத்துக்குள்ள விசாரணைய முடிச்சு இறுதி அறிக்கை தாக்கல் பண்ணணும்னு உத்தரவும் வந்துச்சு. அதுவரைக்கும் உங்க வக்கீலே பாத்துக்குவாரு, நான் அதுக்கு அப்புறம் உள்ளத சொல்றேன்.

முதல்ல ஆர்டர நீங்களே ஒருக்க முழுசா படிங்க. "மனுவ பரிசீலிச்சு முடிவெடுக்கணும்"னு மட்டும் இருந்தா, போலீஸ் பரிசீலிச்சு முடியாதுன்னு சொல்லிட்டாலும் உத்தரவ நிறைவேத்துன மாதிரிதான், அங்க கண்டெம்ப்ட் நிக்காது. இத்தன மாசத்துல முடிங்கன்னு கெடு இருக்கணும்.

அடுத்து சான்றிட்ட நகல் வாங்குங்க. வெப்சைட்ல எடுக்கறது படிக்க மட்டும்தான்.

மூணாவதுதான் நாங்க மாட்டுன இடம். எங்களுது மாதிரி "காப்பி கிடைச்ச நாள்ல இருந்து"ன்னு ஆர்டர் இருந்தா, கெடு ஓடறது ஆர்டர் போட்ட தேதியில இருந்து இல்ல, காப்பி அவங்க கைக்குப் போன தேதியில இருந்து. நானும் மாமாவும் ஸ்டேஷனுக்கு நேர்ல போயிதான் குடுத்தோம், ரைட்டர் (ஸ்டேஷன்ல எழுத்து வேல பாக்கற போலீஸ்காரர்) வாங்கி மேசை டிராயர்ல போட்டுட்டு "அய்யா வந்ததும் குடுத்துர்றேன்"னாரு, நாங்களும் நம்பி வந்துட்டோம், சீலும் இல்ல கையெழுத்தும் இல்ல. மூணு மாசம் கழிச்சு வக்கீல் கேட்ட முதல் கேள்வியே "குடுத்ததுக்கு ஆதாரம் எங்க?". திரும்ப முதல்ல இருந்து சர்வ் பண்ணி (முறைப்படி காப்பி குடுத்து) இன்னொரு மூணு மாசம் காத்திருந்தோம். அன்னைக்கு ஒத்தக்கடை ஸ்டாப்புல பஸ்ஸுக்கு நிக்கும்போது அத்தை ஒரு வார்த்த பேசல.

அதனால ரெண்டு வழியிலயும் குடுங்க. இன்ஸ்பெக்டருக்கும் டிஎஸ்பிக்கும் (சிட்டின்னா உதவி கமிஷனர் ஏசிக்கு) தபால்ல அனுப்பி டெலிவரி ஆன ஆதாரத்த எடுத்து வச்சுக்கங்க. நேர்ல குடுத்தா இன்னொரு காப்பியில தேதியோட சீல், கையெழுத்து வாங்காம எந்திரிக்காதீங்க. கவரிங் லெட்டர்ல வழக்கு நம்பர், குற்ற எண், ஆர்டர் தேதி மூணும் இருக்கணும். வாட்ஸ்அப்ல அனுப்புனத மட்டும் நம்பி இருக்காதீங்க.

நாலாவது, கெடு முடியற நாள காலண்டர்ல வட்டம் போடுங்க. அதுல இருந்து ஒரு வருஷத்துக்குள்ள அவமதிப்பு மனு போட்டாகணும், 1971ம் வருஷ கோர்ட் அவமதிப்புச் சட்டம் 20வது பிரிவு. நினைவூட்டல் கடிதமா எழுதிக்கிட்டே இருந்தா அந்த ஒரு வருஷம் நீளாது. வழக்கு தேதி பாக்க நான் ஈகோர்ட்ஸ் ஆப்தான் சொல்வேன், உங்க வழக்குக்குன்னு இருக்கற 16 எழுத்து சிஎன்ஆர் நம்பர போட்டு வச்சுட்டா குமாஸ்தாவ தினமும் கூப்பிட வேண்டியதில்ல.

மனுவுல வேணும்னே மீறுனாங்கங்கறதுதான் உயிர். எந்த தேதி குடுத்தோம், எந்த தேதி கெடு முடிஞ்சுது, என்ன நடக்கலன்னு வரிசையா சொல்லுங்க, அவங்கள திட்டி எழுதாதீங்க. தண்டனை அதிகபட்சம் 6 மாசம் வெறுங்காவல், 2000 ரூபாய் அபராதம், இல்ல ரெண்டும், மன்னிப்ப ஏத்துக்கவும் கோர்ட்டுக்கு அதிகாரம் இருக்கு. ஆள உள்ள தள்ளணும்னு போகாதீங்க, வேலை நடக்கணும்னு போங்க. (2020 சாத்தான்குளம் விஷயத்துல மாஜிஸ்திரேட் விசாரணைக்கு ஒத்துழைக்கலன்னு மதுரை கிளை தானாவே போலீஸ் மேல அவமதிப்பு நடவடிக்கை எடுத்துச்சே, அது குற்றவியல் அவமதிப்பு, நம்மளுது கோர்ட் உத்தரவ மீறுனதுக்கான சிவில் வகை.)

பின்னால சேத்தது: இன்ஸ்பெக்டர் மாறிட்டா என்ன பண்றதுன்னு நிறைய பேர் கேட்டிருந்தீங்க. அவமதிப்பு தனி ஆள் மேல வர்றது, அதனால கெடு ஓடுன சமயத்துல பொறுப்புல இருந்தவர் பேர் வேணும். புதுசா வந்தவருக்கும் உடனே ஒரு காப்பி சர்வ் பண்ணிருங்க, எனக்குத் தெரியாதுன்னு அவர் சொல்ல முடியாது.

இன்னொண்ணு, அவமதிப்பு மனுவுல போலீஸுக்கு கோர்ட் நோட்டீஸ் போனதும் "கண்டுபிடிக்க முடியல"ன்னு அறிக்கை போட்டு மூடிட்டாங்கன்னு ஒரு அக்கா எழுதியிருந்தாங்க. உத்தரவு விசாரணைய முடிக்கச் சொல்லித்தான், அதனால கண்டெம்ப்ட் பெரும்பாலும் அதோட முடிஞ்சுரும். அக்கா, விட்றாதீங்க, அந்த அறிக்கைய எதுத்து மாஜிஸ்திரேட் கோர்ட்ல ஆட்சேப மனு போடலாம், அறிக்கை நகல முதல்ல வாங்குங்க.

எங்களுக்கு நோட்டீஸ் போன அடுத்த மாசமே சார்ஜ்ஷீட் வந்துச்சு. மீட்ட செயின் கோர்ட்ல இருக்கு, அத வாங்க தனி மனு போட்டிருக்கோம்.