க்ளாக் எம்ஓஎஸ் கைத்துப்பாக்கியில் ரெட் டாட் பொருத்துவது எப்படி?

சுடச்சுட ஜீரோ (குறிவைத்த இடத்திலேயே தோட்டா படும்படி செய்த ஒழுங்கு) நகர்ந்துகொண்டே போகிறது, சுட்ட தோட்டாவின் காலி கேஸ் வெளியே வராமல் சிக்குகிறது, ஒருநாள் ரெட் டாட் சைட்டே (குறிபார்க்கச் சிவப்புப் புள்ளி காட்டும் கண்ணாடி) கழன்று பறக்கிறது. இந்த மூன்று புகாரிலும் சைட்டைக் குறை சொல்வார்கள். பெரும்பாலும் தப்பு அதற்குக் கீழே இருக்கும்: ஸ்க்ரூ நீளம் சரியில்லை, மரையில் எண்ணெய் மிச்சம் இருக்கிறது, அல்லது பிளேட் தட்டையாக உட்காரவில்லை. ஸ்க்ரூவை முறுக்குவது ஐந்து நிமிட வேலை. அதற்கு முன் அளந்தும் சுத்தம் செய்தும் பார்க்க ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள்.

இங்கே எடுத்துக்கொண்டிருப்பது அமெரிக்காவில் மிகப் பரவலாக இருக்கும் அமைப்பு: 9 எம்எம் க்ளாக் எம்ஓஎஸ், அதன்மேல் டிரிஜிகான் ஆர்எம்ஆர் வகை சைட். எம்ஓஎஸ் என்பது சைட் பொருத்த வசதியோடு வரும் க்ளாக் வகை, 2015இல் வந்தது. ஸ்லைடின் (சுடும்போது முன்னும் பின்னும் ஓடும் மேல்பாகம்) பின்பகுதி தொழிற்சாலையிலேயே குடையப்பட்டிருக்கும். அந்தக் குழியில் ஒரு பிளேட், பிளேட்டின் மேல் சைட்.

முதலில் பொருத்தம்

சைட்டின் அடியில் ஸ்க்ரூ துளைகளும் குழிகளும் அமைந்திருக்கும் விதத்தை ஃபுட்பிரிண்ட் என்பார்கள். ஹோலோசன் 407சி, 507சி இரண்டும் ஆர்எம்ஆர் ஃபுட்பிரிண்ட்தான். 9 எம்எம் க்ளாக்கில் அதற்கு 02 என்று எண் பொறித்த பிளேட் வேண்டும். .45, 10 எம்எம் துப்பாக்கிகளின் ஸ்லைடு அகலம் வேறு, அதனால் பிளேட் எண்ணும் வேறு. ஒல்லியான 43எக்ஸ், 48 எம்ஓஎஸ் மாடல்களுக்குச் சிறிய சைட்தான் ஏறும், ஆர்எம்ஆர் ஏறாது. மூடிய வகை சைட்டான ஏம்பாயிண்ட் அக்ரோவுக்கு ஃபுட்பிரிண்ட் தனி. "கொஞ்சம் அழுத்தினால் உட்கார்ந்துவிடும்" என்று தோன்றினால் அது தவறான பிளேட்.

க்ளாக் நிறுவனமே தரும் பிளேட் மெல்லியது, மரையும் அதில் குறைவு. எப்போதாவது ரேஞ்சுக்குப் போகிறவருக்கு அது போதும். வாரம் நூற்றுக்கணக்கில் சுடுகிறவர் தனியாக விற்கும் ஸ்டீல் பிளேட் வாங்குவது நல்லது. அது குழியில் இறுக்கமாக உட்காரும், ஸ்க்ரூவுக்கு மரையும் கூடுதலாகக் கிடைக்கும்.

மூல ஆர்எம்ஆரில் பேட்டரி அடியில் இருக்கிறது. அதை எம்ஓஎஸ் பிளேட்டில் வைக்கும்போது நடுவில் மெல்லிய சீலிங் பிளேட் ஒன்று அவசியம். இல்லாவிட்டால் எண்ணெயும் ஈரமும் பேட்டரி அறைக்குள் போகும், டாட் விட்டுவிட்டு எரியும். 507சியில் பேட்டரி பக்கவாட்டுத் தட்டில் இருப்பதால் இந்தக் கவலை இல்லை.

தேவையான சாமான்

முறுக்கும் விசையை அங்குல-பவுண்டில் காட்டும் டார்க் ஸ்க்ரூடிரைவர் ஒன்று. இதற்குப் பதிலாகக் "கைக்கணக்கு" வேண்டாம். எல் வடிவச் சாவியில் சுண்டுவிரலால் தள்ளினாலே 15 அங்குல-பவுண்டைத் தாண்டிவிடலாம். ஸ்க்ரூ தலைக்குச் சரியாகப் பொருந்தும் புதிய டார்க்ஸ் (நட்சத்திர வடிவ) பிட். 90 சதவீதத்துக்கு மேலான ஐசோபுரொப்பைல் ஆல்கஹால், பஞ்சுக்குச்சி. ஸ்க்ரூ கழலாமல் மரையில் பிடித்துவைக்கும் பசையான நீல லாக்டைட் 243 அல்லது 242. பெயிண்ட் பேனா. மென்மையான தாடை போட்ட பெஞ்ச் வைஸ். டிஜிட்டல் கேலிப்பர் இருந்தால் வேலை சுலபம்.

பிரேக் கிளீனர், அசிட்டோன் இரண்டையும் மேசையிலிருந்து எடுத்துவிடுங்கள். எண்ணெயை நன்றாகத்தான் போக்கும், ஆனால் லென்ஸ் பூச்சையும் பிளாஸ்டிக்கையும் சேர்த்துக் கெடுக்கும். சிவப்பு லாக்டைட்டும் வேண்டாம். அதைக் கழற்ற ஏறக்குறைய 260 டிகிரி செல்சியஸ் சூடு தேவை, அந்தச் சூட்டில் சைட்டின் எலக்ட்ரானிக்ஸ் பிழைக்காது.

பிரிப்பது

மேகசினை எடுங்கள், ஸ்லைடை இழுத்துச் சேம்பரை (தோட்டா உட்காரும் அறை) கண்ணால் பாருங்கள், விரலால் தொட்டும் பாருங்கள். தோட்டாக்கள் வேறு அறையில் இருக்கட்டும். க்ளாக்கைப் பிரிக்க டிரிகரை ஒருமுறை அழுத்தியாக வேண்டும். எதிர்பாராத வெடிப்புகள் பலவும் நடப்பது அந்த ஒரு நொடியில்தான். எனவே சேம்பரை இரண்டாவது முறை பார்த்துவிட்டு, குண்டு துளைக்காத திசையை நோக்கி வைத்தே அழுத்துங்கள். ஸ்லைடைத் தனியே எடுத்து, பேரலையும் ஸ்பிரிங்கையும் கழற்றி ஓரமாக வையுங்கள். ஸ்லைடை வைஸில் வைக்கும்போது அசையாத அளவுக்கு மட்டும் பிடியுங்கள். கையில் பிடித்துக்கொண்டு ஸ்க்ரூ முறுக்கினால் பிட் வழுக்கி லென்ஸில் கோடு விழும்.

மூடித்தகட்டைக் கழற்றியதும் குழியைப் பாருங்கள். தொழிற்சாலை எண்ணெய், பழைய லாக்டைட் தூள், சில நேரம் உலோகப் பிசிறு கிடக்கும். ஆல்கஹாலில் நனைத்த குச்சியால் குழி, ஸ்லைடின் துளைகள், பிளேட்டின் இருபுறம், சைட்டின் அடிப்புறம், ஸ்க்ரூக்கள் எல்லாவற்றையும் துடையுங்கள். வெள்ளைப் பஞ்சு வெள்ளையாகவே திரும்பி வரும்வரை துடைக்க வேண்டும். துளைக்குள் தேங்கிய ஆல்கஹால் காய ஐந்து நிமிடம் விடுங்கள்.

ஸ்க்ரூ நீளம்

பலரும் தாண்டிப்போகும் இடம் இதுதான். லாக்டைட் தொடாமல் ஒருமுறை வெறுமனே பொருத்திப் பாருங்கள்.

பிளேட்டை ஸ்லைடில் வைக்காமல், வெளியிலேயே சைட்டைப் பிளேட் மேல் வைத்து, சைட் ஸ்க்ரூக்களை விரலால் கடைசிவரை இறக்குங்கள். பிளேட்டைத் திருப்பிப் பாருங்கள். ஸ்க்ரூ முனை அடிப்பக்கத்தில் துளிகூட நீட்டிக்கொண்டிருக்கக் கூடாது. நீட்டினால், ஸ்லைடில் வைத்து இறுக்கும்போது அந்த முனை குழியின் தரையில் முட்டிப் பிளேட்டையே மேலே தூக்கும். டார்க் ரெஞ்ச் 15இல் "க்ளிக்" என்று சொல்லிவிடும், இறுகிவிட்டது என்று நினைப்போம். உண்மையில் ஸ்க்ரூ தரையோடு மல்லுக்கு நிற்கிறது, சைட்டை யாரும் பிடித்திருக்கவில்லை. இப்படிப் பொருத்தியது சில நூறு தோட்டாக்களில் ஆடத் தொடங்கும்.

குட்டையாக இருந்தாலும் ஆபத்துதான். ஸ்க்ரூ மரையைக் கவ்வத் தொடங்கிய பிறகு எத்தனை முழுச்சுற்று போகிறது என்று எண்ணுங்கள். நான்கு, ஐந்து வந்தால் திருப்தி. மூன்றுக்குக் கீழே என்றால் வேறு ஸ்க்ரூ தேடுங்கள். சீலிங் பிளேட் போட்டிருந்தால் அதன் தடிமன் அளவுக்கு ஸ்க்ரூ கூடுதலாக வேண்டும் என்பதை மறக்காதீர்கள். பெட்டியில் இரண்டு மூன்று நீளத்தில் ஸ்க்ரூ தருவதற்குக் காரணமே இதுதான்.

இன்னொரு பொறி மரை அளவு. 6-32 என்ற அங்குல ஸ்க்ரூவும் எம்3.5 என்ற மெட்ரிக் ஸ்க்ரூவும் பார்வைக்கு இரட்டைப் பிள்ளைகள். இரண்டின் விட்டமும் ஏறத்தாழ 3.5 மில்லிமீட்டர். ஆனால் மரை இடைவெளி ஒன்றில் 0.79, மற்றதில் 0.6. ஒன்றின் துளையில் மற்றதைப் போட்டால் ஓரிரு சுற்று போய்ப் பிடித்துக்கொள்ளும். அங்கே பலம் கொடுத்தால் பிளேட்டின் மரை போயிற்று. விரலால் இறங்காத ஸ்க்ரூவை எந்தக் கருவியாலும் இறக்காதீர்கள்.

அடுத்தது பிளேட்டை ஸ்லைடோடு பிணைக்கும் ஸ்க்ரூக்கள். ஸ்லைடின் வலப்பக்கத்தில், காலி கேஸ் வெளியேறும் எஜெக்ஷன் போர்ட்டுக்குப் பின்னால், கேஸைக் கவ்வி இழுக்கும் எக்ஸ்ட்ராக்டரை அழுத்தி வைத்திருக்கும் பிளஞ்சர் என்ற சிறு கம்பி ஓடும் துளை இருக்கிறது. வலப்பக்க ஸ்க்ரூ நீளமாகிவிட்டால் முனை அந்தத் துளைக்குள் புகுந்து பிளஞ்சரை நெருக்கும். எக்ஸ்ட்ராக்டர் இறுகிப்போய்க் காலி கேஸை ஒழுங்காகக் கவ்வாது. துப்பாக்கி திடீரென்று சிக்கத் தொடங்கும், ஆள் தோட்டாவை மாற்றுவார், ஸ்பிரிங்கை மாற்றுவார், ஸ்க்ரூவைப் பார்க்க மாட்டார். சோதிக்கும் வழி எளிது: ஸ்க்ரூக்களை இறுக்கிய நிலையில், ஸ்லைடின் பின்மூடியைக் கழற்றி, பிளஞ்சரை வெளியே எடுத்து மீண்டும் உள்ளே நழுவ விடுங்கள். தடையில்லாமல் போய் வர வேண்டும். உரசினால் ஸ்க்ரூவைக் குறுக்குங்கள். குறுக்கும்போது முதலில் அதே மரையுள்ள நட் ஒன்றை ஏற்றிக்கொண்டு, பிறகு முனையை அரத்தால் ராவுங்கள். முடிந்ததும் நட்டைக் கழற்றினால் சிதைந்த மரையை அதுவே நேராக்கிவிடும்.

இறுக்குவது

பிளேட்டைக் குழியில் வைத்து மூலைகளை ஒவ்வொன்றாக அழுத்திப் பாருங்கள். ஆட்டம் இருந்தால் அடியில் பிசிறோ தூசியோ இருக்கிறது. தட்டையாக உட்கார்ந்ததும் ஒவ்வொரு ஸ்க்ரூவின் முனையிலும் ஒரு சிறு சொட்டு நீல லாக்டைட், அதுவும் இரண்டு மூன்று மரையை நனைக்கும் அளவு. துளைக்குள் ஊற்றாதீர்கள். அது வழிந்து பிளஞ்சர் துளைக்குள் போய் உறைந்தால், மேலே சொன்ன அதே எக்ஸ்ட்ராக்டர் தொல்லை வேறு வழியில் வந்து சேரும்.

பிளேட் ஸ்க்ரூக்களை இடம் வலம் என்று மாற்றி மாற்றி 5, 10, பிறகு இறுதி அளவு என்று ஏற்றுங்கள். ஆர்எம்ஆர் சைட்டின் ஸ்க்ரூக்களுக்கு 12 அங்குல-பவுண்டு, அதாவது சுமார் 1.4 நியூட்டன் மீட்டர். மற்றவற்றுக்குப் பொதுவாக 15 வரை. உங்கள் சைட்டோடும் பிளேட்டோடும் வந்த தாளில் வேறு எண் இருந்தால் அதுதான் செல்லும்.

பிறகு சைட்டை வையுங்கள். பிளேட்டின் மேடுகள் சைட்டின் அடியிலுள்ள குழிகளில் உட்கார வேண்டும். சுடும்போது வரும் அடியைத் தாங்குவது இந்த மேடுகள். ஸ்க்ரூவின் வேலை சைட்டைக் கீழே அழுத்திப் பிடிப்பது மட்டுமே. மேட்டுக்கும் குழிக்கும் நடுவே கொஞ்சம் இடைவெளி இருந்தால், சைட்டைக் குழல்முனைப் பக்கமாகத் தள்ளிப் பிடித்தபடி இறுக்குங்கள். தோட்டா வெடித்ததும் ஸ்லைடு படாரென்று பின்னால் ஓடுகிறது, சைட் அதே இடத்தில் நிற்கப் பார்க்கிறது. ஸ்லைடை ஒப்பிட்டால் சைட் முன்னால்தான் போகும். ஸ்லைடு திரும்பி வந்து மூடும்போதும் அப்படியே. அந்தப் பக்கம் ஏற்கெனவே முட்டியிருந்தால் நகர இடமில்லை.

இறுக்கிய பின் ஸ்க்ரூ தலையிலிருந்து சைட்டின் உடம்பு வரை பெயிண்ட் பேனாவால் ஒரு மெல்லிய கோடு போடுங்கள். கோடு உடைந்தால் ஸ்க்ரூ சுழன்றிருக்கிறது என்று அர்த்தம். லாக்டைட் முழுதாக உறைய 24 மணி நேரம். அன்று மாலையே ரேஞ்சுக்கு ஓட வேண்டாம்.

ஜீரோ

துப்பாக்கியை மீண்டும் மாட்டி, டம்மி தோட்டாவை ஏற்றி இறக்கி எக்ஸ்ட்ராக்டர் கவ்வுகிறதா என்று பாருங்கள். உயரமான இரும்பு சைட் இருந்தால் முன்சைட்டின் உச்சியில் டாட் உட்காரும்படி திருகி வைத்துக்கொள்ளுங்கள். முதல் தோட்டா காகிதத்தில் விழ அது போதும். சாதாரண உயர சைட் ஆர்எம்ஆர் கண்ணாடி வழியே தெரியாது.

டாட்டின் வெளிச்சத்தைக் குறையுங்கள். கூடினால் புள்ளி பூவாக விரியும், எங்கே குறிவைக்கிறோம் என்பதே தெரியாது. குறைத்த பிறகும் புள்ளி வால் முளைத்த மாதிரி தெரிந்தால் போன் கேமராவால் பாருங்கள். அதில் உருண்டையாக இருந்தால் சைட் நன்றாக இருக்கிறது, கண்ணில்தான் ஆஸ்டிக்மாடிசம்.

மணல்மூட்டையில் கையை ஊன்றி 10 கெஜத்தில் ஐந்து தோட்டா. குவியலின் நடுவைப் பார்த்துத் திருத்துங்கள், தனித் தோட்டாவைப் பார்த்து அல்ல. பிறகு 25 கெஜம். ஆர்எம்ஆரிலும் 507சியிலும் ஒரு க்ளிக் 1 எம்ஓஏ (ஒரு கோண அளவு). 25 கெஜத்தில் அது கிட்டத்தட்ட கால் அங்குலம், 10 கெஜத்தில் பத்தில் ஒரு அங்குலம். 25 கெஜத்தில் குவியல் 2 அங்குலம் கீழே, 1 அங்குலம் இடப்பக்கம் என்றால், 8 க்ளிக் மேலே, 4 க்ளிக் வலப்பக்கம். அம்புக்குறி தோட்டா படும் இடம் நகரும் திசையைக் காட்டுகிறதா என்பதைக் கையேட்டில் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். 25இல் ஜீரோ செய்தது 5 கெஜத்தில் ஒரு அங்குலத்துக்குச் சற்றுக் குறைவாகக் கீழே படும். சைட் குழலுக்கு மேலே இருப்பதால் வரும் இயல்பான வித்தியாசம் அது, திருகித் திருத்த வேண்டியதில்லை.

திருத்தத் திருத்தக் குவியல் இடம் மாறிக்கொண்டே இருந்தால் டயலை விட்டுவிட்டுப் பெயிண்ட் கோட்டைப் பாருங்கள். கோடு முழுதாக இருந்தும் நகர்ந்தால், ஸ்க்ரூ தரையில் முட்டுகிறது, அல்லது பிளேட் ஆடுகிறது. அவிழ்த்து முதலிலிருந்து பார்ப்பதைத் தவிர வழியில்லை.

முதல் 200 தோட்டாக்களுக்குப் பிறகு கோட்டையும் ஜீரோவையும் மீண்டும் பாருங்கள். அடியில் பேட்டரி உள்ள ஆர்எம்ஆரில் ஆண்டுக்கொருமுறை சைட்டைக் கழற்றித்தான் பேட்டரி மாற்ற முடியும். மாற்றியதும் ஐந்து தோட்டா சுட்டு ஜீரோவைச் சரிபார்க்க வேண்டும். கழற்றும்போது ஸ்க்ரூ பிடிவாதம் பிடித்தால் பிட்டை அழுத்தித் திருகாதீர்கள், தலை வழுவழுப்பாகிவிடும். சால்டரிங் அயர்ன் முனையை ஸ்க்ரூ தலைக் குழியில் அரை நிமிடம் வைத்தால் நீல லாக்டைட் இளகும். சூடு லென்ஸ் பக்கம் போக வேண்டாம். கழற்றிய ஸ்க்ரூவை மறுபடி பயன்படுத்தாதீர்கள். புது ஸ்க்ரூவின் விலை ஒரு பெட்டித் தோட்டாவின் விலைகூட இருக்காது.