மாப்பிள்ளை வந்தது மிடுக்காகவா, படாடோபமாகவா? சொல் பழகுகிறவர்களுக்கு ஒரு செய்முறை

சென்ற மாதம் என் தங்கையின் மகன் ஒரு தாளைக் கொண்டுவந்து நீட்டினான். அவனுடைய நண்பனுக்குக் கல்யாணம். தோழர்கள் எல்லோருமாகச் சேர்ந்து வாழ்த்துமடல் ஒன்று அச்சடித்து, சட்டம் போட்டு, மண்டபத்தில் வாசித்துக் கொடுக்கப் போகிறார்கள். எழுதும் பொறுப்பு இவன் தலையில் விழுந்திருக்கிறது. இரண்டாவது வரி இப்படி இருந்தது: "பட்டுவேட்டியில் படாடோபமாய் வந்தமர்ந்த மணவாளனே!"

"மோனை நன்றாக விழுந்திருக்கிறது அல்லவா, மாமா?" என்று கேட்டான்.

மோனையோடு சேர்ந்து மாப்பிள்ளையின் மானமும் விழுந்திருக்கிறது என்றேன். அவனுக்கு விளங்கவில்லை. பிழை அவனுடையது மட்டும் அல்ல. ஆண் ஒருவன் நன்றாக உடுத்தி, நிமிர்ந்து, பார்ப்பவர் கண்ணை இழுக்கும்படி வருவதைச் சொல்லத் தமிழில் ஒரு டசின் சொற்கள் இருக்கின்றன. பாதி புகழ்கின்றன, பாதி குத்துகின்றன. எது எந்தப் பக்கம் என்று பள்ளிக்கூடத்தில் யாரும் பிரித்துச் சொல்லித் தருவதில்லை. அன்று மாலை திருகோணமலை டச்பே கடற்கரையில் கச்சான் கொறித்துக்கொண்டே அவனுக்குச் சொன்னதை இங்கே படிப்படியாக எழுதிவைக்கிறேன்.

படி 1: நடுச்சொல்லைப் பிடியுங்கள்

நடுச்சொல் மிடுக்கு. இன்றைக்கு அதைக் கேட்டதும் மடிப்புக் கலையாத சட்டையும் நிமிர்ந்த நெஞ்சும் நினைவுக்கு வருகின்றன. ஆனால் பழைய அகராதிகளைத் திறந்தால் அதற்கு முதலில் கிடைக்கும் பொருள் வலிமை. சங்கப் பாடல்களில் வரும் மிடல் என்ற சொல்லும் வலிமையையே குறிக்கும். இது அதற்கு உறவு. உடம்பில் இருந்த வலிமை காலப்போக்கில் நடைக்கு வந்து, நடையிலிருந்து உடைக்கும் வந்து சேர்ந்துவிட்டது. இதே சொல் மலையாளத்தில் வேறு பாதையில் போனது. அங்கே மிடுக்கன் என்றால் கெட்டிக்காரன், மிடுக்கி என்றால் கெட்டிக்காரி. பரீட்சையில் நல்ல புள்ளி எடுத்த பிள்ளையை அப்படித்தான் மெச்சுவார்கள், அது கசங்கிய சட்டையோடு நின்றாலும்.

வேடிக்கை என்னவென்றால், ஆங்கிலத்திலும் ஒரு சொல் இதே பயணத்தைச் செய்திருக்கிறது. கச்சிதமாக உடுத்திய ஆணை ஆங்கிலத்தில் டப்பர் என்பார்கள். அது பழைய ஒல்லாந்த மொழியிலிருந்து, அதாவது டச்சு மொழியிலிருந்து, போன சொல். அங்கே அதற்குப் பொருள் கனமான, பலமான என்பது. இன்றைய ஒல்லாந்த மொழியிலும் டப்பர் என்றால் துணிச்சல்காரன்தான். உடுப்புக்கும் அதற்கும் தொடர்பு இல்லை. 1639இல் போர்த்துக்கேயரிடமிருந்து நம்முடைய கோட்டையைப் பிடித்தவர்கள் ஒல்லாந்தர்கள் என்பது ஊரில் எல்லோருக்கும் தெரியும். அன்று கோட்டை வாசலில் ஒரு சிப்பாயை டப்பர் என்று அவர்கள் அழைத்திருந்தால், அவன் சட்டையைப் பற்றி அல்ல, அவன் கைப்பலத்தைப் பற்றித்தான் பேசியிருப்பார்கள். நாங்கள் உட்கார்ந்திருந்த குடாவுக்கும் அவர்கள் பெயர்தான் என்பதால் இது மருமகனுக்குச் சட்டென்று மனதில் பதிந்தது.

ஆகவே நினைவில் வைக்க வேண்டியது: மிடுக்கு என்று எழுதினால் அடியில் எங்கேயோ வலிமை இருக்க வேண்டும். விலை உயர்ந்த துணி மட்டும் இருக்கும் இடத்தில் இந்தச் சொல் ஒட்டாது. தேய்ந்த வேட்டியும் பழைய சைக்கிளுமாக உவர்மலை ஏற்றத்தில் நிமிர்ந்து மிதிக்கிற ஓய்வுபெற்ற ஆசிரியருக்கு அது தாராளமாக ஒட்டும்.

படி 2: சொல்லை வாக்கியத்தில் பொருத்துங்கள்

இது சுலபம், வேகமாகப் போகலாம். பெயருக்கு முன்னால் மிடுக்கான, வினைக்கு முன்னால் மிடுக்காக அல்லது மிடுக்குடன். மிடுக்கான தோற்றம், மிடுக்காகப் பேசினார், மிடுக்குடன் நடந்தார். நேரடியாகச் சேர்த்தால் வல்லினம் மிகும்: மிடுக்குத் தோற்றம், மிடுக்குப் பேச்சு. மிடுக்கு நடை என்பதில் மிகுவதற்கு எதுவும் இல்லை. மிடுக்கான என்பதற்குப் பின்னால் ஒற்று வராது. மிடுக்கானத் தோற்றம் என்று பெயர்ப்பலகைகளில் பார்க்கிறபோது எனக்குப் பல் கூசுகிறது.

நடை, தோற்றம், குரல், பேச்சு, உடை, பார்வை ஆகியவற்றோடு இச்சொல் நன்றாகப் பழகும். வயதானவரைப் பற்றி எழுதும்போது "மிடுக்குக் குறையவில்லை" என்பது அழகான வாக்கியம். ஆனால் ஒரு வினைச்சொல்லிடம் மட்டும் கவனமாக இருங்கள்: காட்டுதல். "மிடுக்காக வந்தான்" புகழ்ச்சி. "மிடுக்குக் காட்டினான்" என்றதும் ஆள் தலைக்கனம் பிடித்தவன் ஆகிவிடுகிறான். இருப்பது வேறு, காட்டுவது வேறு என்பதை இந்த ஒரு வினையே பிரித்துவிடுகிறது.

படி 3: ஒவ்வொரு சொல்லுக்கும் அடியில் என்ன பொருள் கிடக்கிறது என்று தோண்டுங்கள்

இந்தப் படியில்தான் நேரம் செலவழிக்க வேண்டும். இந்தக் குடும்பத்துச் சொற்கள் பெரும்பாலும் கையால் தொடக்கூடிய, காதால் கேட்கக்கூடிய ஏதோ ஒன்றிலிருந்து வந்தவை. அதைக் கண்டுபிடித்துவிட்டால் அகராதி தேவைப்படாது.

மருமகன் எழுதிய படாடோபத்திலிருந்தே தொடங்குவோம். இது வடமொழியிலிருந்து வந்தது. பாம்பு படம் எடுத்து விரிப்பதற்குப் பெயர் அது. பஞ்சதந்திரத்தில் ஒரு சுலோகம் உண்டு: நஞ்சில்லாத பாம்பும் பெரிதாகப் படம் விரிக்கத்தான் வேண்டும், நஞ்சு இருக்கிறதோ இல்லையோ, விரித்த படமே பயமுறுத்தும். மாப்பிள்ளையைப் பார்த்து "படாடோபமாய் வந்தவனே" என்றால், உள்ளே சரக்கில்லாமல் வெளியே விரித்துக் காட்டுகிறாய் என்று பொருளாகும். அதைச் சட்டம் போட்டுச் சுவரில் வேறு மாட்டப் போகிறார்கள்.

ஆடம்பரம் ஒரு மேளம். வடமொழியில் அது முதலில் ஒருவகை முரசுக்குப் பெயர். பிறகு முரசின் ஆரவாரத்துக்கு. பிறகு எல்லா ஆரவாரத்துக்கும். அதனால்தான் ஆடம்பரக் கல்யாணம் என்று எழுதலாம், ஆடம்பர மண்டபம் என்று எழுதலாம். ஒரு தனி மனிதனின் நடையை ஆடம்பரம் என்றால் காதில் இடறுகிறது. டாம்பீகம் இன்னும் மோசம். அதன் வேரான டம்பம், இல்லாததை இருப்பதாகக் காட்டும் பாசாங்கு. கல்யாண வீட்டுப் பக்கமே அதைக் கொண்டுபோகாதீர்கள்.

கம்பீரம் என்ற சொல்லின் அடியில் இருப்பது ஆழம். வடமொழியில் கம்பீரம் என்றால் ஆழமானது என்றுதான் முதற்பொருள். திருகோணமலைக்காரர்களுக்கு இதை விளக்க உதாரணம் தேட வேண்டியதில்லை. உலகின் ஆழமான இயற்கைத் துறைமுகங்களில் ஒன்றின் கரையில் வாழ்கிறோம். வெளியே அலை பெரிதாகத் தெரியாது. பெரிய கப்பலும் உள்ளே வந்து நிற்கும். கம்பீரமான மனிதரும் அப்படித்தான்: அசைவு குறைவு, கனம் அதிகம். அதனால் கம்பீரத்துக்குக் கொஞ்சம் வயது வேண்டும். இருபத்தாறு வயது மாப்பிள்ளையைக் கம்பீரம் என்று எழுதலாம், குற்றமில்லை. ஆனால் அவனுடைய மாமனாருக்குத்தான் அது இன்னும் பொருந்தும். துள்ளல் கலந்த இளமைக்கு மிடுக்குத்தான் சரி.

பீடு பழைய சொல். "ஏறுபோல் பீடு நடை" என்று குறள் 59 முடிகிறது. தன்னை இகழ்பவர் முன்னால் ஒருவன் காளை போல நடக்கும் நடை அது. இங்கே உடை பற்றிய பேச்சே இல்லை என்பதைக் கவனியுங்கள். பீடுநடை என்பதைச் செய்யுளிலும் வாழ்த்துமடலிலும் பயன்படுத்தலாம். சாதாரணக் கட்டுரையில் வந்தால் கொஞ்சம் மேடைப் பேச்சு போல இருக்கும்.

இனி நம்மூர்ச் சொற்கள். எடுப்பு என்பதில் ஒரு பொறி இருக்கிறது. எடுப்பான நிறம், எடுப்பான மூக்கு என்றால் பாராட்டு. ஆனால் இலங்கைத் தமிழில் "அவருக்கு நல்ல எடுப்பு" என்று யாராவது சொன்னால் அது பாராட்டே இல்லை. ஆள் பெரிய மனிதர் போல நடிக்கிறார் என்று பொருள். ஆன என்ற ஒட்டு இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள், பிழைத்துக்கொள்ளலாம். சோக்கு என்பது உருது, இந்துஸ்தானி வழியாக வந்தது. தமிழ்நாட்டில் ஷோக்குப் பேர்வழி என்றால் உடுத்தித் திரிவதே தொழிலாக இருப்பவன். நம்மிடம் அது இளகிப்போய் நல்லது, அருமையானது என்ற பொருளுக்கு வந்துவிட்டது. சோக்கான சாப்பாடு, சோக்கான ஆள் என்கிறோம். சிங்களத்திலும் ஷோக் என்றால் அருமை. எனவே தமிழ்நாட்டு வாசகருக்காக எழுதும்போது "சோக்கான மனிதர்" என்று ஊர்ப் பெரியவரைப் பற்றி எழுதிவிடாதீர்கள், அங்கே வேறு மாதிரி விழும்.

மைனர் தமிழ்நாட்டுச் சரக்கு. சட்டத்தில் அது பராயமடையாதவரைக் குறிப்பது. பெரிய சொத்துக்கு வாரிசான சின்னப் பையன் செலவாளியாகத் திரிந்ததால், சொத்தையும் வயதையும் விட்டுவிட்டு அந்தத் திரிதலுக்கே பெயராகிவிட்டது. கழுத்துச் சங்கிலிக்குக்கூட மைனர் சங்கிலி என்று பெயர் வந்துவிட்டது. உடுப்பே உயிராகத் திரிபவனைக் குறிக்கும் ஆங்கிலத்து டாண்டி இதற்குக் கிட்டத்தட்டச் சமம் என்று பலர் எழுதுகிறார்கள். முழுச் சமம் இல்லை. டாண்டிகளுக்கெல்லாம் முன்னோடியாகச் சொல்லப்படும் லண்டன்காரர் போ பிரம்மல் (1778–1840), பவுடர் பூசிய டோப்பாவையும் மினுமினுக்கும் பட்டையும் ஒதுக்கிவிட்டு, கச்சிதமாக வெட்டிய கருநிறக் கோட்டையும் கஞ்சி போட்ட வெள்ளைக் கழுத்துத் துணியையும் நாகரிகமாக்கியவர். கடன் கழுத்தை நெரிக்க 1816இல் பிரான்சுக்கு ஓடியவர் என்பதில் மட்டும் நம் மைனர்களுக்கு அவர் உறவு.

படி 4: ஆணுக்கு மட்டுமா என்று கேளுங்கள்

நேற்றுவரை மிடுக்கு ஆணுக்கென்று ஒதுக்கப்பட்டிருந்தது, ஒய்யாரம் பெரும்பாலும் பெண் பக்கம் சாய்ந்திருந்தது. ஒய்யாரக் கொண்டையில் தாழம்பூ வைத்து உள்ளே ஈரும் பேனும் என்ற பழமொழி எல்லோருக்கும் தெரிந்ததுதான். இன்று சீருடையில் வரும் பெண் அதிகாரியை மிடுக்காக வந்தார் என்று செய்தித்தாள் எழுதுகிறது, யாருக்கும் உறுத்துவதில்லை. தாராளமாக எழுதுங்கள்.

ஆனால் அழகையும் ஆண்மையையும் பிரித்து வைக்கும் பழக்கம் மிகப் பழையது. தொல்காப்பிய மரபியல், இறகுள்ள பறவைகளின் ஆணைச் சேவல் என்று சொல்லலாம், மயிலை மட்டும் சொல்லக்கூடாது என்கிறது. ஏன்? தோகையும் சாயலுமாக அது பெண்போல இருப்பதால் என்று பழைய உரை காரணம் சொல்கிறது. அத்தனை அலங்காரத்தையும் சுமந்து திரிகிற ஆண் மயிலுக்குக் கடைசியில் சேவல் என்ற பெயர்கூடக் கிடைக்கவில்லை. எனக்கு அந்த மயிலைப் பார்த்தால் பாவமாகத்தான் இருக்கிறது.

படி 5: வெளியே போய்ப் பயிற்சி எடுங்கள்

வீட்டுக்குள் இருந்து இதைப் பழக முடியாது. ஒரு காலையில் பிரெட்றிக் கோட்டை வாசலுக்குப் போய் நில்லுங்கள். கொம்பு முற்றிய ஒரு புள்ளிமான் கலை, முச்சக்கரவண்டிகளைப் பற்றிய கவலையே இல்லாமல் வீதியைக் கடக்கும். மானின் ஆணுக்குக் கலை என்று பெயர், அதுவும் மரபியலில் இருப்பதுதான். அதன் நடையைச் சொல்ல ஒரு வாக்கியம் எழுதுங்கள். மிடுக்கு வருமா, கம்பீரமா? நான் முதலில் கம்பீரம் என்று எழுதினேன். அது ஒரு வாழைப்பழத் தோலுக்காகக் குப்பைத் தொட்டிக்குள் தலையை விட்டதும் மிடுக்கு என்று மாற்றினேன். பிறகு அதையும் அடித்துவிட்டேன்.

அடுத்து, கோணேசர் கோயிலில் ஒரு வெள்ளிக்கிழமை. சால்வையை இடுப்பில் இறுக்கிக் கட்டிக்கொண்டு படியேறும் இளைஞன் ஒருவன், வேட்டி நிலத்தில் படாமல் நுனியைத் தூக்கிப் பிடித்து நாலு பக்கமும் பார்த்தபடி ஏறும் இன்னொருவன். இரண்டு பேருக்கும் ஒரே சொல் போடாதீர்கள். பிறகு மீன் சந்தையில் ஏலம் கூறுபவரின் குரலைக் கேளுங்கள். அவர் சாரமும் பனியனும்தான் அணிந்திருப்பார். மிடுக்கான குரல் என்று எழுதிப் பாருங்கள், கச்சிதமாக உட்காரும்.

எழுதிய வாக்கியத்தைச் சோதிக்க நான் ஒரு சின்னத் தந்திரம் வைத்திருக்கிறேன். அந்த ஆளின் சட்டையை மனதுக்குள் கழற்றி, பழைய சட்டை ஒன்றை மாட்டிவிடுவேன். அப்போதும் சொல் நின்றால் மிடுக்கு, பீடு, கம்பீரம் ஆகியவற்றில் ஒன்று. சட்டையோடு சேர்ந்து சொல்லும் கழன்றுவிட்டால் பகட்டு, படாடோபம், எடுப்பு.

படி 6: திருத்தி எழுதுங்கள்

மருமகனுக்கு எல்லாம் விளங்கிவிட்டது, மோனை போய்விடுமே என்ற கவலைதான் மிச்சம். அதற்கும் வழி இருந்தது. மோனையில் இ, ஈ, எ, ஏ நான்கும் ஓர் இனம். ஆகவே மி என்ற எழுத்துக்கு மெ, மே இரண்டும் ஒத்துவரும். கச்சான் கட்டிவந்த தாளின் பின்பக்கத்தில் இப்படி எழுதிக் கொடுத்தேன்:

"மெல்லிய புன்னகையும் மிடுக்கு நடையுமாய் மேடை ஏறிய மணவாளனே!"

வாங்கி இரண்டு தடவை வாசித்தான். அச்சகத்துக்கு அதுவே போனது. கல்யாணத்தன்று மண்டபத்தில் இவன் உரக்க வாசித்தபோது எல்லோரும் கை தட்டினார்கள். மாப்பிள்ளை வந்தது முக்கால் மணி நேரம் பிந்தி. முன்னால் பேண்ட் வாத்தியம், மேலே பறக்கும் கமரா, காலடியில் ஏதோ இயந்திரம் கக்கிய வெண்புகை. புகை கலைந்து ஆள் தெரிய எனக்கே ஒரு நிமிடம் பிடித்தது.

திரும்பி வரும் வழியில் மருமகன் மெதுவாகக் கேட்டான்: "மாமா, நான் முதலில் எழுதியதுதான் சரியோ?"