பிணை கிடைத்தும் ஆள் வெளியே வரவில்லையா? நிபந்தனையைத் தளர்த்தக் கேட்கும் வழி

நான் கொழும்பில் நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடையில் ஒரு சட்டத்தரணியின் கந்தோரில் எழுதுவினைஞராக இருக்கிறேன். "பிணை கொடுத்தாச்சு, ஆனா மகன் இன்னும் விளக்கமறியலிலதான்" என்று வரும் தாய்மாரிடம் சொல்வதையே இங்கே எழுதுகிறேன். நிறைவேற்ற முடியாத நிபந்தனையோடு வரும் பிணை, பிணை மறுத்ததற்குச் சமம். அதைத் தளர்த்தும்படி கேட்கலாம். கேட்கத்தான் வேண்டும்.

முதலில் கட்டளையில் என்ன இருக்கிறது என்று பாருங்கள். மன்றில் சிங்களத்தில் வேகமாகச் சொல்லிவிடுவார்கள். வாசலில் நிற்பவர் சொன்னதை நம்பி அலையாமல், வழக்கேட்டின் உறுதிப்படுத்திய பிரதிக்குச் சட்டத்தரணி மூலம் விண்ணப்பியுங்கள். காசுப் பிணை என்றால் பணம் கட்ட வேண்டும். சரீரப் பிணை அப்படியல்ல. "தலா 5 லட்சம் ரூபா பெறுமதியான இரண்டு சரீரப் பிணை" என்றால் இரண்டு பேர் வந்து கையெழுத்து வைக்க வேண்டும். சந்தேகநபர் தலைமறைவானால்தான் அந்தத் தொகை அவர்கள் தலையில் விழும். இது தெரியாமல் தாலிக்கொடியை அடகு வைத்துவிட்டு வருபவர்களைப் பார்த்தால் மனம் பதைக்கிறது.

இலங்கையின் 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டப்படி பிணை கொடுப்பதே பொது விதி, மறுப்பதுதான் விதிவிலக்கு. ஆளின் சொந்த முறியிலேயே, அதாவது பிணையாளி இல்லாமல் அவரே கையெழுத்து வைத்துக் கொடுக்கும் உறுதிமொழியிலேயே, விடுவிக்கவும் அதில் இடமுண்டு. கேட்கும் தொகையும் நியாயமானதாக இருக்க வேண்டும்.

எங்களிடம் அடிக்கடி வரும் சிக்கல் இது. ஹட்டன் பக்கத்துப் பையன், கொழும்பு புறக்கோட்டையில் மூட்டை தூக்கும் நாட்டாமி வேலை. பிணையாளிகள் கொழும்பில் நிரந்தரமாக வசிப்பவர்களாகவும் காணி உறுதி உள்ளவர்களாகவும் இருக்க வேண்டும் என்று கட்டளை. தலைமுறை தலைமுறையாகத் தோட்ட லயத்தில் இருக்கும் குடும்பத்தில் உறுதிக்கு எங்கே போவது? கடை முதலாளி ஒதுங்கிக்கொள்வார். இப்படிப்பட்ட இடத்தில்தான் நகர்த்தல் பத்திரம், அதாவது நிபந்தனையை மாற்றக் கேட்டு நீதவானுக்குக் கொடுக்கும் எழுத்து விண்ணப்பம், போட வேண்டும்.

அதில் வெறுமனே "குடும்பம் ஏழை" என்று எழுதினால் எடுபடாது. எந்த நிபந்தனை, ஏன் முடியாது, அதற்குப் பதிலாக என்ன தர முடியும் என்ற மூன்றும் இருக்க வேண்டும். நாங்கள் எழுதுவது ஏறக்குறைய இப்படி: "சந்தேகநபரின் உறவினர் எவரும் கொழும்பில் நிரந்தரமாக வசிப்பதில்லை. ஆகவே கொழும்பு வதிவிடம் என்பதை நுவரெலியா மாவட்ட வதிவிடம் என மாற்றுமாறும், காணி உறுதிக்குப் பதிலாகத் தோட்டத்தில் பணிபுரியும் மாமனாரின் சம்பளச் சீட்டை ஏற்குமாறும் வேண்டுகிறோம்." கூடவே கிராம அலுவலரின் வதிவிடச் சான்றிதழ், தோட்ட நிர்வாகத்தின் கடிதம், மூன்று மாதச் சம்பளச் சீட்டு, பிணையாளியின் சத்தியக் கடதாசி எல்லாம் வேண்டும். பெயரும் அடையாள அட்டை இலக்கமும் எல்லாக் கடதாசியிலும் ஒரே மாதிரி இருக்கிறதா என்று எழுத்தெழுத்தாகப் பாருங்கள். ஒரு எழுத்துப் பிழைக்காக அடுத்த தவணைக்குப் போன பிணைகள் உண்டு.

காசுக்குப் பிணை நிற்கிறோம் என்று வாசலில் வருபவர்களை நம்பவே வேண்டாம். போலிச் சான்றிதழ் பிடிபட்டால் உங்கள் பிள்ளையின் பிணையும் போய்விடும்.

வெளியூர்ப் பிணையாளி விஷயத்தில் இந்திய உச்ச நீதிமன்றம் 1978இல் மோதிராம் வழக்கில் சொன்னது பெறுமதியானது. அவர் ஒரு கொத்தனார். கீழ் நீதிமன்றம் 10,000 ரூபா பிணை கேட்டது. சகோதரர் பிணை நிற்க முன்வந்தும், அந்தச் சகோதரரின் சொத்து வேறு மாவட்டத்தில் இருப்பதாகச் சொல்லி ஏற்கவில்லை. உச்ச நீதிமன்ற நீதியரசர் கிருஷ்ண ஐயர் 1,000 ரூபா சொந்த முறியில் மோதிராமை விடச் சொன்னார். ஒரு தமிழர் டெல்லி சாந்தினி சௌக்கில் கைதானால் அங்கே சொத்துள்ள பிணையாளிக்கு எங்கே போவார் என்றும் கேட்டார். அந்தத் தீர்ப்பு இங்கே கட்டுப்படுத்தாது. ஆனாலும் வாதத்தில் எடுத்துக்காட்டலாம், சட்டத்தரணியிடம் சொல்லி வையுங்கள்.

நீதவான் மறுத்தால் மேல் நீதிமன்றத்துக்கு மேன்முறையீடோ, கட்டளையைத் திரும்பப் பரிசீலிக்கக் கேட்கும் மீளாய்வு மனுவோ போகலாம். மீளாய்வுக்கு விதிவிலக்கான காரணம் காட்ட வேண்டும். பிணை கிடைத்த திகதியையும், அதற்குப் பின்னும் உள்ளே கழிந்த காலத்தையும், தளர்த்தக் கேட்டு மறுக்கப்பட்டதையும் ஆவணத்தோடு அடுக்கினால் மனு வலுப்படும். அதனால்தான் முதலில் நீதவானிடமே கேட்கச் சொல்கிறேன். பயங்கரவாதத் தடைச் சட்ட வழக்குகளும் பாரதூரமான போதைப்பொருள் வழக்குகளும் வேறு வழியில் போகும். அவற்றுக்கு இது பொருந்தாது.

சட்டத்தரணிக்குக் கொடுக்கப் பணம் இல்லையென்றால் புதுக்கடையிலேயே சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. வருமானத்தைக் காட்டும் கடிதத்தோடு போங்கள்.

அப்புறம், ஆள் வெளியே வந்த பிறகும் ஒன்றைக் கவனியுங்கள். மாதக் கடைசி ஞாயிறு கொழும்பில் பொலிஸில் கையெழுத்து வைக்க வேண்டும் என்றிருந்து, பையன் ஊருக்கே திரும்பிவிட்டால், ஒரு தடவைகூடத் தவறவிடாமல் வைத்துக்கொண்டே ஹட்டன் பொலிஸுக்கு மாற்றித் தரும்படி அடுத்த தவணையில் கேளுங்கள். ஒழுங்காகக் கையெழுத்து வைத்த பதிவுதான் அப்போது கைகொடுக்கும்.