தண்ணீருக்குள் நடக்கும் கொக்கு: மூன்று நிமிடப் படம் எடுப்பது எப்படி?

மேட்டூரில் தண்ணீர் திறந்து, சேற்றுழவு முடிந்து, பரம்பு அடித்த வயல் நடவுக்கு முன்னால் சில நாள் கண்ணாடி மாதிரி கிடக்கும். அந்த நாட்களுக்கான படம் இது. வசனம் இல்லை, பின்னணிக் குரல் இல்லை. கொக்கும் மடையானும் தண்ணீரில் விழும் பிம்பமாக மட்டும் வரும். கடைசி ஷாட்டில்தான் நிஜப் பறவை.

போன் வேண்டாம். ஜூம் செய்தால் கொக்கு பஞ்சாகிவிடும். பழைய டி.எஸ்.எல்.ஆர். கேமரா, 55–250 மி.மீ. ஜூம் லென்ஸ், ஆடாத டிரைபாட் போதும். டிரோன் பக்கமே போகாதீர்கள், மொத்தக் கூட்டமும் எழும்பிவிடும்.

1. வயல்காரரிடம் கேட்டுவிட்டு, விடிவதற்குள் வரப்பில் உட்காருங்கள். வெயில் ஏறினால் காற்று வரும், பிம்பம் கலங்கிவிடும்.

2. ஃபோகஸ். இரண்டு காலை இதில்தான் எனக்கு வீணானது. பிம்பத்தின் மேல் வைத்தேன். கேமரா மிதக்கும் பாசியைப் பிடித்துக்கொண்டது. பாசி துல்லியம், கொக்கு மங்கல். விஷயம் இதுதான்: பிம்பம் தண்ணீர்ப் பரப்பில் இல்லை. பாசி 10 மீட்டரில், பறவை 15 மீட்டரில் என்றால், பிம்பமும் லென்ஸுக்கு 15 மீட்டர்தான். அதனால் முதலில் நிஜக் கொக்கின் மேல் ஃபோகஸ் வையுங்கள், லென்ஸை மேனுவலுக்குத் தள்ளுங்கள், அப்புறம் கேமராவைக் கீழே சாயுங்கள். கொக்கு நகர்ந்தால் மறுபடியும் முதலிலிருந்து.

3. வெளிச்சமும் மேனுவல்தான், கொஞ்சம் இருட்டாகவே வையுங்கள். மண் நிறத்தில் உட்கார்ந்திருக்கும் மடையான் இறக்கையை விரித்தால் பளீர் வெள்ளை. ஆட்டோவில் விட்டால் அந்த நொடியில் படம் திணறும்.

போலரைசர் ஃபில்டர் மாட்டியிருந்தால் கழற்றுங்கள். அது அழிப்பதே பிம்பத்தைத்தான்!

4. கிளம்பும் முன் அதே இடத்தில் இரண்டு நிமிடம் ஒலி மட்டும் பதியுங்கள்.

5. எடிட்டிங்குக்கு டாவின்சி ரிசால்வ், இலவசப் பதிப்பே போதும். பிம்பத்தை நிமிர்த்தி, கொக்கைத் தண்ணீருக்குள் நடக்கவிடுங்கள்.

பின்சேர்க்கை: நிமிர்த்திய பிறகு கொக்கு எதிர்த்திசையில் நடப்பதாக இரண்டு பேர் கமெண்டில் கேட்டிருந்தார்கள். 180 டிகிரி சுழற்றியிருப்பீர்கள். சுழற்றினால் இடம் வலமும் மாறிவிடும், கடைசி நிஜ ஷாட்டோடு ஒட்டாது. மேல் கீழாக மட்டும் புரட்டும் ஃபிளிப் பட்டன் ரிசால்வின் ‘இன்ஸ்பெக்டர்’ பகுதியில் இருக்கிறது, அதை அழுத்துங்கள்.