ஒட்டகத்துக்குத் தண்ணீர் காட்டியது யார்?

படித்துச் சொல்லச் சொல்லி இந்த மாதம் நான்கு கைப்பிரதிகள் வந்தன. நான்கும் கற்பனை உலகக் கதைகள். நான்கிலும் ஒரு பாலைவன நாடோடிக் கூட்டம் வருகிறது, நான்கிலும் 9 வருடத்துக்கு முன்னால் நான் செய்த அதே தவறு இருக்கிறது. என் பழைய போட்டோவை யாரோ எடுத்து நீட்டியது மாதிரி இருந்தது. எழுத்துப்பிழை, ஐந்தாம் அத்தியாயத்தில் மாறிப்போகும் தலைவன் பெயர், இதையெல்லாம் நீங்களே பார்த்துக்கொள்வீர்கள். நான் சொல்ல வந்தது வேறு: பாலைவன வாழ்க்கையைப் பற்றி நாம் தப்பாக எழுதுபவை.

பாலை என்றால் மணல்

சஹாராவிலேயே மணல்மேடு ஏறத்தாழ கால் பங்குதான். மிச்சம் பாறையும் சரளைக்கல்லும். கோபிப் பாலைவனத்தில் குளிர்காலத்தில் பனி விழும், ஒட்டகங்கள் சடைசடையாக முடி வளர்த்து நிற்கும். சங்கப் பாட்டின் பாலைக்கும் மணல்மேடு தேவையில்லை. முல்லையும் குறிஞ்சியும் காய்ந்துபோனால் அது பாலை. இதைப் பள்ளியில் மனப்பாடம் செய்தவர்கள்தான் முதல் வரியிலேயே ‘கண்ணுக்கெட்டிய தூரம்வரை மணல்’ என்று ஆரம்பிக்கிறார்கள்.

திமிலில் தண்ணீர்

கிடையாது. கொழுப்பு.

கால் போன போக்கில் திரிவது

இதற்குத்தான் இவ்வளவு நேரம் பொறுத்திருந்தேன்.

என் முதல் நாவலில் ‘சுரவர்’ என்றொரு கூட்டம். 400 கூடாரம், 2000 பேர், 3000 ஒட்டகம். எல்லாரும் ஒன்றாகவே போவார்கள், ஒன்றாகவே தங்குவார்கள். ஊர் கிடையாது, எல்லை கிடையாது, ‘காற்றுதான் அவர்களுக்கு வழி’ என்றுகூட எழுதியிருந்தேன். அந்த வரியை எழுதிய அன்று எனக்குத் தூக்கமே வரவில்லை, அவ்வளவு பெருமை.

17 அத்தியாயம் முடித்து, குவைத்தில் 6 வருடம் ஒட்டகம் மேய்த்துவிட்டு வந்த மாமாவிடம் கொடுத்தேன். இரண்டு நாள் கழித்து ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “ஏம்ப்பா, இத்தனை உருப்படிக்கும் தண்ணி காட்டுனது யாரு?”

கணக்குப் போட்டுப் பார்த்தேன். நல்ல தாகத்தில் வரும் ஒட்டகம் ஒரே மூச்சில் 100 லிட்டர்வரை குடிக்கும். 3000 ஒட்டகத்துக்கு 3 லட்சம் லிட்டர். தோல் வாளிக்கு 20 லிட்டர் என்று வைத்தால் 15,000 வாளி. நிமிடத்துக்கு ஒரு வாளி இறைத்தாலும், ஒரே கிணறு என்றால் இரவு பகலாகப் பத்து நாளுக்கு மேல் ஆகும். கடைசி ஒட்டகம் குடித்து முடிப்பதற்குள் முதலில் குடித்தது மறுபடி வரிசையில் வந்து நிற்கும். நாவல் முழுக்க வாசகருக்குத்தான் நான் தண்ணி காட்டியிருந்தேன்.

நிஜத்தில் மேய்ச்சல்காரர்கள் அளவுக்குக் கணக்கோடு நகர்கிறவர்கள் குறைவு. அரேபியாவில் ஒட்டகம் மேய்த்த பெதூயின் மக்கள் பழைய நாளில் மழைக்காலத்தில் சிறு சிறு குழுவாகப் பிரிந்து போய்விடுவார்கள். பச்சை மேய்ச்சல் இருந்தால் ஒட்டகம் வாரக்கணக்கில் தண்ணீர் கேட்காது. கோடையில்தான் வற்றாத கிணறுகளைச் சுற்றிக் கூடுவார்கள். ஆகஸ்ட் கடைசியில் விடியற்காலை சுஹைல் நட்சத்திரம் தெரிந்தால் வெயில் இறங்கப் போகிறது என்று அர்த்தம். (நாம் அகத்திய நட்சத்திரம் என்கிறோமே, அதேதான்.) ஆக, கல்யாணப் பேச்சு, பழைய கடன், பழைய பகை, எல்லாம் கோடைக் கிணற்றடியில்தான் வந்து சேரும். கதை அங்கே காத்திருக்கிறது. நாமோ ஆட்களை மணலில் நடக்கவிட்டுக்கொண்டிருக்கிறோம்.

தென் எத்தியோப்பியாவின் பொரானா மக்களைப் பாருங்கள். அவர்களுடையது மாட்டு மந்தை. ‘துலா’ என்று ஒன்பது கிணற்றுத் தொகுதிகள் அங்கே பேர்போனவை. (நம் ஏற்றத்துத் துலாவுக்கும் இதற்கும் உறவில்லை, பெயர்தான் ஒத்துப்போகிறது.) ஆழக் கிணற்றுக்குள் ஆட்கள் ஒருவர் தலைக்கு மேல் ஒருவராகப் படிப்படியாக நின்று வாளியைக் கைமாற்றி மேலே அனுப்புவார்கள், தாளம் தப்பாமல் இருக்கப் பாடிக்கொண்டே. யார் மந்தை முதலில், யாருடையது பிறகு என்று முறை பார்க்கவே தனியாக ஒருவர் உண்டு. அவருக்கு வேண்டியவன் ஒருவன் முறை தப்பிக் குடிக்க வந்தான் என்று வையுங்கள். இதற்கு மேல் வில்லனும் மந்திரவாளும் எதற்கு?

நான் 17 அத்தியாயத்தையும் தூக்கிப் போட்டேன். 8 மாத வேலை. போர்க்காட்சி மட்டுமே 40 பக்கம், இப்போது நினைத்தாலும் வயிறு எரிகிறது. அந்த இடத்தில் இன்று இருப்பது, ஒரு ராத்திரி கிணற்றடியில் முறைக்காக நடக்கும் சண்டை. ஆறு பக்கம்.

சோற்றுக்கு என்ன வழி?

பாலும் பேரீச்சையும் மட்டும் தின்று, ஊர்க்காரனை வெறுத்து ஒதுங்கி வாழும் கூட்டத்தை எழுதாதீர்கள். நைஜரில், சஹாராவின் நாடோடி மக்களான துவாரெக் வணிகர்கள் ஒட்டக வரிசையோடு தெனெரே பாலையைத் தாண்டி பில்மா என்ற சோலை ஊருக்குக் கம்பு கொண்டுபோய், உப்பும் பேரீச்சையும் வாங்கி வருவார்கள். அந்த உப்பைத் தெற்கே விற்றுத் திரும்பவும் கம்பு. விவசாயி இல்லாமல் அந்த வாழ்க்கை ஓடாது. உங்கள் கூட்டம் யாரிடம் கடன் வைத்திருக்கிறது என்று முதலில் முடிவு செய்யுங்கள்.

முகத்திரை

பெண்ணுக்கு மாட்டிவிட்டு மர்மம் என்று நினைத்துக்கொள்கிறோம். துவாரெக்கில் முகம் மூடுகிறவர்கள் ஆண்கள். அவுரிச் சாயம் கன்னத்தில் ஒட்டி நீலம் பாரித்துக் கிடக்கும்.

கூடாரம்

யார் நெய்தது? பெதூயின் பெண்கள் ஆட்டுமுடியில் நெய்வார்கள். மழையில் நனைந்தால் நூல் உப்பி இடுக்கு அடைத்துக்கொள்ளும். கூடாரத்தைக் கட்டுவதும் பிரிப்பதும் அவர்கள்தான். நான்கு கைப்பிரதியிலும் கூடாரம் தானாக முளைத்திருந்தது.

பெயர்

‘க்ஸ்ழ்ரா’ வேண்டாம்.

திருத்திய பிரதியையும் மாமாவிடம்தான் கொடுத்தேன். கிணற்றடிச் சண்டையை மட்டும் இரண்டு முறை படித்தார். நன்றாக இருக்கிறது என்று சொல்லப் போகிறார் என்று காத்திருந்தேன். “வாளி இருக்கு, சரி. கயிறு எத்தனை பாகம்?” என்றார். (இரண்டு கையையும் விரித்தால் வரும் நீளம் ஒரு பாகம்.) கிணற்றின் ஆழத்தை நான் எங்குமே எழுதவில்லை. அப்புறம் உட்கார்ந்து, அந்தச் சண்டையில் ஓரமாக நிற்கும் பெண்ணின் தோளில் முப்பது பாகக் கயிற்றுச் சுருணை ஒன்றை ஏற்றினேன். இறைக்க வருகிறவர்கள் எல்லாரும் இப்போது அவளிடம்தான் கேட்டு வாங்க வேண்டியிருக்கிறது.