ராமநாதபுரத்திலிருந்து கிளம்பி வழிகாட்டியோடு பரங்கிப் பட்டினங்களைப் பார்த்துவர: திங்கள் முதல் வெள்ளி வரை

போர்த்துகீசியர், டச்சுக்காரர், டேனிஷ்காரர், பிரெஞ்சுக்காரர், ஆங்கிலேயர் என்று கடை விரித்தவர்கள் எல்லோருடைய ஊர்களும் நம் கிழக்குக் கடற்கரைச் சாலையிலேயே வரிசையாக இருக்கின்றன. தேவிபட்டினம், தொண்டி, மீமிசல், மணமேல்குடி, முத்துப்பேட்டை என்று வடக்கே போய்க்கொண்டே இருந்தால் நாகப்பட்டினம், காரைக்கால், தரங்கம்பாடி, பரங்கிப்பேட்டை, கடலூர், புதுச்சேரி என்று ஒவ்வொன்றாக வரும். ஆனாலும் நம் பக்கத்து ஆட்கள் புதுச்சேரிக்குப் போனால் கடற்கரையில் நாலு போட்டோ, ஒரு பேக்கரி, அப்புறம் வண்டியைத் திருப்பு என்றுதான் முடித்துக்கொள்கிறோம். இந்த ஊர்களில் பார்க்க வேண்டியதில் பாதி, யாராவது சொன்னால்தான் கண்ணில் படும். அதனால் இது வழிகாட்டி வைத்துப் போவதற்கான செய்முறை. வண்டி மொத்தப் பயணத்துக்கும் ஒன்று, வழிகாட்டி மட்டும் ஊருக்கு ஒருவர். என் கட்சி இதுதான், காரணம் கீழே வருகிறது.

முதல் வேலை: கிழமையை முடிவு செய்வது

பட்ஜெட், ஆள் கணக்கு, ஹோட்டல் எல்லாம் அப்புறம். இங்கேதான் எங்கள் திட்டம் தட்டுக்கெட்டு நின்றது. ஒரு பயண ஏற்பாட்டாளர் சனிக்கிழமை கிளம்பி செவ்வாய் திரும்பும்படி ஒரு பட்டியல் அனுப்பினார். பார்க்க அழகாக இருந்தது, ஆனால் புதுச்சேரி அருங்காட்சியகம் திங்கட்கிழமையில் இருந்தது. திங்களன்று அதற்கு விடுமுறை. கேட்டதற்கு, "வெளியிலிருந்து பார்த்துக்கலாம் சார்" என்று பதில் வந்தது. வெளியிலிருந்து பார்க்க எதற்கு ஒரு ஏற்பாட்டாளர்?

சரி, கணக்கு இப்படிப் போகிறது. தரங்கம்பாடிக் கோட்டைக்குள் இருக்கும் அருங்காட்சியகம் மாநிலத் தொல்லியல் துறையுடையது, அதற்கு வெள்ளிக்கிழமை விடுமுறை. புதுச்சேரி அருங்காட்சியகத்துக்குத் திங்கள். அதே புதுச்சேரியில் சனி, ஞாயிறு என்றால் சென்னையும் பெங்களூரும் வந்து இறங்கிவிடும், அறை வாடகை ஏறும், வெள்ளைக்காரத் தெருக்களில் வழிகாட்டி பேசுவது காதில் விழாது. இந்த மூன்றையும் வைத்துப் பார்த்தால் திங்கள் காலையில் ராமநாதபுரத்தில் கிளம்புவது, செவ்வாய் தரங்கம்பாடி, புதனும் வியாழனும் புதுச்சேரி, வெள்ளி திரும்பும் வழி என்பது ஒன்றுதான் இடிக்காமல் வருகிறது. பள்ளிக்கூடப் பிள்ளைகள் இருக்கிற வீடுகளுக்கு இது தோதுப்படாது, தெரியும். பொங்கல் விடுமுறையை ஒட்டி ஒரு வாரம் கிடைத்தால் பாருங்கள், ஆனால் பண்டிகை நாளில் எது திறந்திருக்கும் என்று ஒவ்வொரு இடத்துக்கும் போன் போட்டுக் கேட்டுவிடுங்கள்.

மாதத்தைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. ஐப்பசி, கார்த்திகையில் இந்தக் கரையில் புயல் எப்படி வரும் என்று நமக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டாம். தை, மாசி நல்லது. சித்திரையில் தரங்கம்பாடி மணலில் நடந்தால் பெரியவர்கள் திட்டுவார்கள்.

வண்டி

ஏழெட்டுப் பேருக்கு மேல் என்றால் டெம்போ டிராவலர். பெரிய பஸ் வேண்டவே வேண்டாம், புதுச்சேரியில் அதை நிறுத்த இடம் தேடியே அரை நாள் போய்விடும். வாடகை பேசும்போது நாள் கணக்கா கிலோமீட்டர் கணக்கா, ஒரு நாளைக்குக் குறைந்தபட்சம் எத்தனை கிலோமீட்டர் போடுவார்கள், டிரைவர் பேட்டா எவ்வளவு, டோலும் பார்க்கிங்கும் யார் தலையில் என்று எல்லாவற்றையும் ஒரே வாட்ஸ்அப் செய்தியில் எழுதி வாங்குங்கள். வாய்ப்பேச்சு வேண்டாம். புதுச்சேரியில் தங்கும் நாட்களில் வண்டி சும்மா நிற்கும், அப்போதும் குறைந்தபட்சக் கிலோமீட்டர் ஓடும், அதை முன்கூட்டியே பேசிக் குறைத்துக்கொள்ளலாம்.

இங்கே ஒரு விஷயத்தை நிறுத்தி நிதானமாகப் படியுங்கள். புதுச்சேரிக்குப் பெர்மிட் வேண்டும் என்று எல்லோருக்கும் தெரியும். காரைக்காலும் அதே யூனியன் பிரதேசம்தான் என்பது மறந்துபோகும். நாகூரைத் தாண்டினதும் வாஞ்சூரில் காரைக்கால் எல்லை வந்துவிடும், கொஞ்ச தூரத்தில் மறுபடியும் தமிழ்நாடு, தரங்கம்பாடி. பிறகு கடலூர் தாண்டிப் புதுச்சேரிக்குள் இரண்டாவது தடவை நுழைவீர்கள். ஆகவே வண்டிக்காரரிடம் "பாண்டிக்குப் பெர்மிட் இருக்கா?" என்று கேட்காதீர்கள். "அகில இந்தியச் சுற்றுலாப் பெர்மிட் இருக்காண்ணே, காரைக்கால் வழியாப் போறோம்" என்று கேளுங்கள். இருக்கிறது என்றால் அதன் தேதியையும் பார்த்துவிடுங்கள். இல்லாத வண்டியை மலிவு என்பதற்காக எடுக்காதீர்கள்.

வழிகாட்டி பிடிப்பது

ஐந்து நாளும் கூடவே வரும் ஒரே வழிகாட்டி என்று விற்பார்கள். அப்படி வருகிறவருக்குப் பெரும்பாலும் புதுச்சேரி மட்டும்தான் நன்றாகத் தெரியும். தரங்கம்பாடியில் பெயர்ப்பலகையைப் படித்துக் காட்டுவார், நாகப்பட்டினத்தில் போன் பேசிக்கொண்டிருப்பார். உள்ளூர்க்காரர் ஒருவர் அரை நாள் நடத்திக் காட்டுவது இதைவிட எவ்வளவோ மேல். தமிழில் சொல்வாரா என்பதையும் முதலிலேயே கேளுங்கள். புதுச்சேரியில் நடைபயண வழிகாட்டிகள் பலர் ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் மனப்பாடமாகச் சொல்லிப் பழகியவர்கள், தமிழில் கேட்டால் பாதியாகச் சுருக்கிவிடுகிறார்கள்.

ஆள் தேர இரண்டு கேள்வி போதும். இரண்டும் புதுச்சேரிக்கு.

ஒன்று, 1761இல் என்ன நடந்தது? அந்த ஆண்டு ஆங்கிலேயர் ஊரைப் பிடித்து, கோட்டையையும் பிரெஞ்சுப் பகுதியையும் இடித்துத் தரைமட்டமாக்கினார்கள். இன்று மஞ்சள் சுவரும் போகன்வில்லாவுமாக நிற்பதில் பெரும்பகுதி அதற்குப் பிறகு எழுந்தது. ஒருவர் தெருவுக்குத் தெரு "இது 300 வருஷப் பழைய பில்டிங்" என்று சொல்லிக்கொண்டே வந்தால் கும்பிடு போட்டுவிட்டு நகர்ந்துவிடலாம்.

இன்னொன்று, ஆனந்தரங்கப் பிள்ளையைப் பற்றிச் சொல்ல முடியுமா? டூப்ளே பிரெஞ்சு கவர்னராக இருந்தபோது துபாஷியாக, அதாவது மொழிபெயர்த்து வியாபாரத்தையும் பார்த்துக்கொள்ளும் தரகராக, இருந்தவர், 1736 முதல் 1761 வரை தமிழில் நாட்குறிப்பு எழுதியவர். கப்பல் வந்தது, சரக்கு விலை, யார் யாரிடம் லஞ்சம் கேட்டார், 1748இல் வேதபுரீஸ்வரர் கோயிலை எப்படி இடித்தார்கள் என்று எல்லாம் அதில் இருக்கிறது. இவரை விட்டுவிட்டுப் புதுச்சேரியைச் சொல்கிறவர், ஊரை இரண்டாகப் பிரிக்கும் வாய்க்காலுக்குக் கிழக்கே, பிரெஞ்சுப் பகுதியில் மட்டும்தான் நடத்துவார். நமக்கு மேற்கும் வேண்டும். திண்ணை வைத்த வீடுகள் இருக்கும் தமிழர் பகுதி, அதற்குத் தெற்கே முஸ்லிம் பகுதியான முல்லா வீதி, காஜியார் வீதி. எங்களோடு வந்த கீழக்கரைக் காக்கா (அங்கே முஸ்லிம்கள் அண்ணனை அப்படித்தான் கூப்பிடுவார்கள்) ஒருவர் கடற்கரைச் சாலையில் கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தார், முல்லா வீதிக்கு வந்ததும் வழிகாட்டியை ஓரம் கட்டிவிட்டு அவரே கதவு, தூண், முற்றம் என்று விளக்க ஆரம்பித்துவிட்டார்.

திங்கள்: நம் ஊரிலிருந்தே தொடங்குங்கள்

இதை யாரும் பட்டியலில் போடுவதில்லை, நான் கட்டாயம் என்கிறேன். ராமநாதபுரம் அரண்மனையில் ராமலிங்க விலாசம். சுவரோவியங்களில் ஐரோப்பியர் இந்தச் சீமையை ஆண்ட சேதுபதியின் முன்னால் வந்து நிற்பதைப் பாருங்கள். டச்சுக்காரர்கள் சேதுபதிகளோடு ஒப்பந்தம் போட்டுத்தான் இந்தக் கரையில் வியாபாரம் செய்தார்கள். அதே அரண்மனையில் 1798இல் கலெக்டர் ஜாக்சன் கட்டபொம்மனைக் கூப்பிட்டு விசாரித்தபோது நிலைமை தலைகீழ். 1795லேயே முத்துராமலிங்க சேதுபதியை ஆங்கிலேயரின் கிழக்கிந்தியக் கம்பெனி பதவியிலிருந்து இறக்கிவிட்டது. வந்தவர்கள் எப்படி ஆண்டவர்கள் ஆனார்கள் என்பது இந்த ஒரு கட்டடத்துக்குள்ளேயே இருக்கிறது, இதைப் பார்த்துவிட்டு வடக்கே போனால் மற்ற ஊர்கள் தானாகவே புரியும்.

அங்கிருந்து நாகப்பட்டினம் சாப்பாட்டு நேரத்தோடு சேர்த்து ஐந்தாறு மணி நேரம். நாகப்பட்டினத்தைப் போர்த்துகீசியரிடமிருந்து டச்சுக்காரர் 1658இல் பிடித்தார்கள், பிறகு பழவேற்காட்டிலிருந்து தலைமையிடத்தையே இங்கே கொண்டுவந்தார்கள், 1781இல் ஆங்கிலேயர் கைக்குப் போனது. கண்ணுக்கு மிச்சம் இருப்பது குறைவு. டச்சுக் காலத்து செயின்ட் பீட்டர்ஸ் தேவாலயத்தைப் பார்த்துவிட்டு, நாகூரில் மினாராக்களுக்கு விளக்குப் போடும் நேரத்துக்குப் போய்விடுங்கள். இரவுக்குக் காரைக்கால், அறைகள் தாராளமாகக் கிடைக்கும்.

செவ்வாய்: தரங்கம்பாடி

காலை வெயில் ஏறுவதற்குள் வந்துவிடுங்கள். பலரும் நேரே கோட்டை வாசலில் வண்டியை நிறுத்துகிறார்கள், அது வேண்டாம். ஊர் நுழைவில் இருக்கும் நகர வாயிலிலேயே இறங்கி ராஜ வீதியில் கடலைப் பார்த்து நடங்கள். தூரம் கொஞ்சம்தான், முழங்கால் வலிக்காரர்களும் நடந்துவிடுவார்கள். 1701இல் கட்டிய சீயோன் தேவாலயம், 1718இன் புதிய எருசலேம் தேவாலயம், கவர்னர் மாளிகை என்று பார்த்துக்கொண்டே வந்தால் கடைசியில் கோட்டையும் கடலும்.

1620இல் தஞ்சை ரகுநாத நாயக்கரோடு ஒப்பந்தம் செய்து டேனிஷ்காரர் இடம் வாங்கினார்கள். நாயக்கர் டென்மார்க் அரசருக்கு அனுப்பிய தங்க ஓலை இன்றைக்கும் டென்மார்க்கில்தான் இருக்கிறது. 1845இல் ஆங்கிலேயரிடம் விற்றுவிட்டுக் கிளம்பினார்கள். இங்கே வழிகாட்டியிடம் கேட்க வேண்டிய ஆள் ஜெர்மன் பாதிரியார் சீகன்பால்கு. 1706இல் வந்து இறங்கினார், திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளோடு மணலில் எழுதித் தமிழ் படித்தார் என்பார்கள். அச்சகம் வைத்துப் புதிய ஏற்பாட்டைத் தமிழில் அச்சடித்தார், 1719இல் 36 வயதில் இறந்தார், புதிய எருசலேம் தேவாலயத்துக்குள்ளேயே அடக்கம். கோட்டைக்கு வடக்கே கடலோரத்தில் இருக்கும் மாசிலாமணிநாதர் கோயிலையும் விட்டுவிடாதீர்கள். குலசேகர பாண்டியன் காலத்தது, டேனிஷ்காரர் வருவதற்கு 300 ஆண்டுக்கு முந்தியது. கடல் அதன் முன்பகுதியைத் தின்றுவிட்டது.

மத்தியானச் சாப்பாட்டை இங்கே நம்பாதீர்கள், திருக்கடையூர் பக்கத்தில்தான். சாயந்திரத்துக்குள் புதுச்சேரி.

புதன், வியாழன்

பெரும்பாலானதை மேலே சொல்லிவிட்டேன். ஒரு நாள் காலை வாய்க்காலுக்குக் கிழக்கே, மறுநாள் காலை மேற்கே, இரண்டு நாளும் மத்தியானம் ஓய்வு. கடற்கரைச் சாலையில் மாலையில் வண்டிகளை விட மாட்டார்கள், முடியாதவர்களை அதற்கு முன்பே கொண்டுபோய் உட்கார வைத்துவிடுங்கள். பாரதி 1908 முதல் 1918 வரை இங்கே இருந்தது, பிரிட்டிஷ் போலீசின் கை இந்த எல்லைக்குள் நீளாது என்பதால்தான். ஈஸ்வரன் தர்மராஜா கோயில் வீதியில் அவர் வீடு நினைவில்லமாக இருக்கிறது. ஆரோவில்லை இந்தப் பயணத்தில் சேர்க்காதீர்கள், அது வேறு கதை.

வெள்ளி

திரும்பும் வழியில் கடலூர் தேவனாம்பட்டினத்தில் செயின்ட் டேவிட் கோட்டையின் மிச்சம். 1690இல் மராட்டியரிடம் ஆங்கிலேயர் இதை வாங்கியபோது, பீரங்கிக் குண்டு போய் விழும் தூரம் வரை நிலமும் சேர்த்து என்று பேச்சு. சுற்றிலும் சுட்டு எல்லை வைத்தார்கள். குண்டு உப்பலவாடி என்ற ஊர்ப்பெயர் இன்றும் இருக்கிறது. ஜும்மாவுக்கு ஆட்கள் இருந்தால் பரங்கிப்பேட்டையில் நிறுத்திக்கொள்ளலாம், 1781இல் ஹைதர் அலியும் ஆங்கிலேயத் தளபதி அயர் கூட் என்பவரும் மோதிய ஊர் அது. பிறகு நேரே வீடு, நள்ளிரவு ஆகிவிடும், டிரைவருக்கு முத்துப்பேட்டையில் ஒரு டீ வாங்கிக் கொடுங்கள்.

பிறகு சேர்த்தது

ரயிலில் போகக் கூடாதா என்று பலர் கேட்டார்கள். 2025 ஏப்ரலில் புதிய பாம்பன் பாலத்தோடு தொடங்கிய ராமேஸ்வரம்–தாம்பரம் ரயில் அறந்தாங்கி, பட்டுக்கோட்டை, திருவாரூர், மயிலாடுதுறை வழியாகத்தான் போகிறது. மயிலாடுதுறையில் இறங்கி அங்கே ஒரு வண்டி பிடித்தால் தரங்கம்பாடியும் புதுச்சேரியும் முடியும், நாகப்பட்டினத்தை விட வேண்டியிருக்கும். மூன்று நான்கு பேர் என்றால் இதுவே மலிவு. ஒரு காலத்தில் மயிலாடுதுறையிலிருந்து தரங்கம்பாடிக்கே ரயில் ஓடியது, இப்போது இல்லை.

தொண்டிக்காரர் ஒருவர் நாகப்பட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக் கப்பலைப் பிடித்து யாழ்ப்பாணக் கோட்டையையும் சேர்க்கலாமே என்றார். ஆசையான யோசனைதான், நாகப்பட்டினத்தைப் பிடித்த அதே 1658இல்தான் டச்சுக்காரர் யாழ்ப்பாணத்தையும் பிடித்தார்கள். ஆனால் குழுவில் எல்லோரிடமும் பாஸ்போர்ட் வேண்டும், கடல் கொந்தளித்தால் கப்பல் ஓடாது, நாள் தள்ளிப்போனால் பின்னால் போட்ட அறை முன்பதிவெல்லாம் குளறுபடியாகும். அதைத் தனியாக வைத்துக்கொள்ளுங்கள்.